மனம் எடுத்துக்கொள்ளும் நேரம்

மனத்தைப் பற்றிய படிப்பு ஒருநாளும் முறையான அறிவியலாக முடியாது என்று 1786இல் தத்துவ அறிஞர் இம்மானுவேல் காண்ட் எழுதினார். ஒரு துறையில் கணிதம் எவ்வளவு இருக்கிறதோ அவ்வளவுதான் அதில் அறிவியல் என்பது அவருடைய கட்சி. மேசைக்கு நீளம், அகலம், உயரம் உண்டு. எண்ணங்களுக்கு அப்படி எதுவும் இல்லை. அவை காலத்தில் மட்டுமே வந்து போகின்றன. காலம் என்பதோ ஒற்றைக் கோடு. ஒரு கோட்டை மட்டும் வைத்துக்கொண்டு என்ன வடிவியல் செய்வது? அவருக்கு இன்னொரு தடையும் தெரிந்தது. மனத்தைக் கவனிக்கப் புகுந்தால் அந்தக் கவனிப்பே அதை மாற்றிவிடும்.

காண்ட் வாழ்ந்த ஊர் பிரஷ்யாவின் கோனிக்ஸ்பெர்க், இன்றைய ரஷ்யாவின் கலினின்கிராட். கணிதக்காரர்களுக்கு ஏழு பாலங்களின் புதிரால் அறிமுகமான ஊர். அதே ஊரில்தான் காண்ட்டின் தீர்ப்பை அடுத்து வந்தவர்கள் துண்டு துண்டாக உடைத்தார்கள். அவர் போதாது என்று ஒதுக்கிய அந்த ஒற்றைக் கோட்டையே, காலத்தையே, அதற்குக் கருவியாக்கிக்கொண்டார்கள்.

முதல் முயற்சி வீணாய்ப் போனது. 1809இல் காண்ட்டின் பேராசிரியர் பதவிக்கு வந்த ஹெர்பார்ட், எண்ணங்கள் ஒன்றையொன்று தள்ளும் விசைகள் என்று வைத்துக்கொண்டு பக்கம் பக்கமாகச் சமன்பாடுகள் எழுதினார். வலுத்த எண்ணம் மற்றதை நனவுக்குக் கீழே அமுக்கும். அமுங்கியது வாய்ப்புக் கிடைக்கும்போது மேலே வரும். படிக்க அழகான கோட்பாடு. ஆனால் எந்த எண்ணத்தின் விசை எவ்வளவு என்று எப்படிக் கண்டுபிடிப்பது? அதற்கு அவரிடம் வழி இல்லை. மனத்தின் மீது சோதனை செய்ய முடியாது என்பதே அவருடைய நிலைப்பாடாகவும் இருந்தது. அளவு இல்லாத கணிதம் எத்தனை பக்கம் ஓடினாலும் எதையும் தொடாது.

அளவு வேறொரு திசையிலிருந்து வந்தது, வானியலிலிருந்து. கிரீனிச் வான்காணகத்தில் நட்சத்திரம் தொலைநோக்கியின் நடுக் கம்பியைக் கடக்கும் நேரத்தைக் கண்ணும் காதுமாகக் கணிப்பார்கள். கடிகாரத்தின் டிக் ஒலியை எண்ணிக்கொண்டே, இரண்டு ஒலிகளுக்கு இடையில் நட்சத்திரம் எங்கே இருந்தது என்று பார்த்து, விநாடியில் பத்தில் ஒரு பங்கு வரை மதிப்பிட வேண்டும். 1795 ஆகஸ்டிலிருந்து உதவியாளர் டேவிட் கின்னிப்ரூக்கின் கணக்கு அரை விநாடி பிந்துவதை அரசு வானியலாளர் நெவில் மாஸ்கலைன் கவனித்தார். எச்சரித்தும் பயனில்லை. அடுத்த ஜனவரியில் பிசகு 0.8 விநாடியாகிவிட்டது. அந்த நேரத்துக்குள் பூமத்திய ரேகையில் உள்ள ஒரு புள்ளி ஏறத்தாழ 370 மீட்டர் நகர்ந்துவிடும். கடலோடிகளுக்கு அட்டவணை போட்டுக்கொடுக்கும் நிலையத்துக்கு இது சிறிய விஷயமல்ல. கின்னிப்ரூக்கின் வேலை போயிற்று.

ஏறக்குறைய இருபது ஆண்டுகள் கழித்து அந்தச் செய்தி ஃபிரீட்ரிக் பெஸ்ஸலின் கண்ணில் பட்டது. கோனிக்ஸ்பெர்க் வான்காணகத்தின் தலைவர் அவர்; நட்சத்திரம் ஒன்றின் தூரத்தைப் பிற்பாடு நம்பகமாக அளந்து காட்டியவரும் அவரே. எச்சரிக்கப்பட்ட பிறகும் ஓர் ஆள் அப்படியே பிசகுவானா என்பது அவருக்கு இடித்தது. தன்னையும் தேர்ந்த பிற வானியலாளர்களையும் ஒப்பிட்டுப் பார்த்தார். எவரும் எவரோடும் பொருந்தவில்லை. அவருக்கும் ஆர்கெலாண்டருக்கும் இடையில் ஒரு விநாடிக்கும் மேல் வித்தியாசம்! அதனால் இன்னாருக்கும் இன்னாருக்கும் உள்ள வித்தியாசம் இவ்வளவு என்று எழுதிக் கணக்கில் கழித்துக்கொள்ளும் வழக்கம் வந்தது. தனிநபர்ச் சமன்பாடு என்று அதற்குப் பெயர். வானியலாளர்களுக்கு அது துடைத்துப் போட வேண்டிய அழுக்கு. நட்சத்திரம் கம்பியைத் தொடுவதற்கும் மனிதன் அதை உணர்வதற்கும் இடையில் ஏதோ ஒன்று நேரம் எடுத்துக்கொள்கிறது என்பதும், அது ஆளுக்கு ஆள் மாறுகிறது என்பதும் அவர்களுக்குத் தொந்தரவாக மட்டுமே பட்டன.

அந்தத் தொந்தரவின் ஒரு பகுதியை எடுத்து அளந்தவர் உடலியலாளர் ஹெல்ம்ஹோல்ட்ஸ். அவரும் 1849இல் கோனிக்ஸ்பெர்க்குக்கு வேலைக்கு வந்தவர்தான். நரம்பில் ஓடும் செய்தியின் வேகத்தை ஒருநாளும் அளக்க முடியாது என்று அவருடைய ஆசிரியர் யோஹன்னஸ் முல்லர் எழுதியிருந்தார். ஹெல்ம்ஹோல்ட்ஸ் தவளைக் கால் தசை ஒன்றை அதன் நரம்போடு எடுத்துக்கொண்டார். நரம்பைத் தசைக்கு அருகில் ஒரு முறை, தள்ளி ஒரு முறை என மின்சாரத்தால் தூண்டினார். தசை துடிக்க ஆகும் நேரம் இரண்டாம் முறை சற்றே கூடியது. அந்தக் கூடுதலால் இடைப்பட்ட தூரத்தை வகுத்தால் வேகம். விடை விநாடிக்குச் சுமார் 27 மீட்டர். ஒளியின் வேகத்தோடு ஒப்பிடத்தக்கது என்று எதிர்பார்க்கப்பட்ட வேகம், ஓர் எக்ஸ்பிரஸ் ரயிலின் வேகமாக முடிந்தது.

இந்தக் கழித்தல் தந்திரத்தை நரம்பிலிருந்து மனத்துக்கு நகர்த்தியவர் உட்ரெக்ட் நகரத்தின் கண் மருத்துவரும் உடலியலாளருமான டோண்டர்ஸ். சோதனைக்கு உட்படுபவரின் இரண்டு பாதங்களிலும் மின்முனைகள். இடது காலில் சுருக்கென்றால் இடது கையை அசைக்க வேண்டும். வலது என்றால் வலது கை. எந்தக் கால் என்று முன்கூட்டியே சொல்லிவிட்டு ஒரு சுற்று, சொல்லாமல் ஒரு சுற்று. சொல்லாதபோது விநாடியில் பதினைந்தில் ஒரு பங்கு அதிகமானது. நரம்பின் நீளமும் தசையும் இரண்டு சுற்றிலும் ஒன்றுதான். ஆகவே அந்த மிச்சம், எந்தக் கால் என்று அறிந்து எந்தக் கை என்று தேர்ந்தெடுக்க ஆன நேரம். 1868இல் அவர் வெளியிட்ட கட்டுரை மனத்தின் ஒரு செயலுக்குக் கால அளவு கொடுத்தது.

வீட்டிலேயே இதைப் பார்க்கலாம். ஒருவர் ஸ்கேலைச் செங்குத்தாகப் பிடித்துக்கொள்ள, மற்றவர் சுழி எண் அருகே விரல்களைத் திறந்து வைத்திருக்க வேண்டும். சொல்லாமல் விட்டதும் பிடிக்க வேண்டும். 15 சென்டிமீட்டரில் பிடித்தால் 0.17 விநாடி, 20இல் பிடித்தால் 0.20 விநாடி என்று புவியீர்ப்பே கடிகாரமாகி நேரம் சொல்லும். இப்போது இரண்டு கைகளுக்கும் இரண்டு ஸ்கேல் வைத்து, எது விழும் என்று தெரியாதபடி செய்து பாருங்கள். பெரும்பாலானவர்களுக்குப் பிடி சில சென்டிமீட்டர் கீழே இறங்கும். டோண்டர்ஸ் பார்த்தது அதைத்தான்.

இதற்குப் பிறகு மனத்தின் எல்லாச் செயல்களையும் கழித்துக் கழித்துப் பட்டியல் போட்டுவிடலாம் என்ற உற்சாகம் பிறந்தது, நீடிக்கவில்லை. தேர்வு என்ற ஒரு கட்டத்தைச் சேர்த்தால் மற்ற கட்டங்கள் மாறாமல் அப்படியே இருக்கும் என்பதற்கு என்ன உத்தரவாதம் என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. இன்னொரு பக்கம், இந்த எண்களை வைத்தே ஆட்களின் அறிவுத் திறனை அளந்துவிடலாம் என்று கால்டன், கேட்டல் என்ற இரு ஆய்வாளர்கள் இறங்கினார்கள். 1901இல் கொலம்பியா பல்கலைக்கழக மாணவர்களின் அளவைகளை விஸ்லர் ஒப்பிட்டார். விரைவாகப் பொத்தானை அழுத்துபவர்களுக்கும் நன்றாக மதிப்பெண் வாங்குபவர்களுக்கும் ஏறக்குறைய எந்தத் தொடர்பும் இல்லை. ஆளுக்குச் சில முறைகளே அளந்தார்கள், எல்லோரும் ஒரே தரத்து மாணவர்கள் என்று குறைகள் உண்டு. ஆனால் எனக்குத் தெரிந்தவரை அடிப்படைக் கோளாறு வேறு. ஒருவர் மெதுவாக விடை சொல்கிறார் என்றால், அவருக்குப் புரிய நேரமாகிறதா, புரிந்த பிறகும் நிச்சயப்படுத்திக்கொள்ளக் காத்திருக்கிறாரா, விரல் நகரத் தாமதமா? சராசரி நேரம் என்ற ஒற்றை எண்ணுக்குள் மூன்றும் கலந்து கிடக்கின்றன. கலந்ததைப் பிரிக்க, உள்ளே என்ன நடக்கிறது என்பதற்கு ஒரு மாதிரி வேண்டும்.

மாதிரி இருந்தால் மட்டும் போதாது என்பதற்கும் ஒரு கதை உண்டு. 1966இல் உளவியலாளர் சால் ஸ்டெர்ன்பெர்க் ஓர் இலக்கம் முதல் ஆறு இலக்கங்கள் வரை கொண்ட பட்டியலை நினைவில் வைக்கச் சொல்லி, பிறகு ஓர் இலக்கத்தைக் காட்டி அது பட்டியலில் இருந்ததா என்று கேட்டார். பட்டியலில் ஓர் இலக்கம் கூடக் கூட விடைக்கு 38 மில்லி விநாடி கூடியது, நூல் பிடித்தாற்போல் நேர்கோடு. நினைவில் உள்ளதை ஒவ்வொன்றாகத் தேடிப் பார்க்கிறோம் என்றார். ‘ஆம்’ என்ற விடைக்கும் ‘இல்லை’ என்ற விடைக்கும் கோடு ஒரே சாய்வில் இருந்ததால், தேடியது கிடைத்த பிறகும் கடைசி வரை போய்த்தான் நிற்கிறோம் என்றும் சொன்னார். சில ஆண்டுகளில் ஜேம்ஸ் டவுன்செண்ட் கணக்குப் போட்டுக் காட்டினார்: எல்லா இலக்கங்களையும் ஒரே நேரத்தில் ஒப்பிட்டாலும், மொத்த ஆற்றல் அவற்றுக்கிடையே பங்கிடப்பட்டால், இதே கோடு வரும். ஒரே கோட்டுக்கு இரண்டு கதை. மனத்தை ஆராயும் கணிதத்தில் எனக்குப் பெரிதும் மதிப்பு இருப்பது இப்படிப்பட்ட முடிவுகள் மீதுதான். உன் தரவு இந்தக் கேள்விக்கு விடை சொல்லாது என்று கணிதமே முகத்துக்கு நேரே சொல்லிவிடுகிறது.

சராசரியை விட்டுவிட்டு, நேரங்கள் விரிந்து கிடக்கும் வடிவத்தையே பார்த்தால் என்ன? ஒரே ஆளுக்கு ஒரே கேள்வியை ஆயிரம் முறை கொடுத்தால் ஆயிரம் வெவ்வேறு நேரங்கள் வரும். அவை நடுவில் உயர்ந்து இரு பக்கமும் சமமாகச் சரியும் மணி வடிவத்தில் அமைவதில்லை. விரைவான பக்கம் செங்குத்தாக ஏறி, தாமதமான பக்கம் நீண்ட வாலாக இழுபடும். ஏன் இந்த வால்?

ஒரு நாணய ஆட்டம் இதற்கு விளக்கம் தருகிறது. உங்களிடம் ஒரு கோணல் நாணயம் தரப்படுகிறது. தலை விழும் வாய்ப்பு கொஞ்சம் அதிகமா, பூ விழும் வாய்ப்பு அதிகமா என்று நீங்கள் சொல்ல வேண்டும். தலை விழுந்தால் ஒன்று கூட்டுங்கள், பூ விழுந்தால் ஒன்று கழியுங்கள். கணக்கு +3ஐத் தொட்டால் தலை என்றும், −3ஐத் தொட்டால் பூ என்றும் அறிவித்துவிடுங்கள். உண்மையில் அது நூற்றுக்கு அறுபது முறை தலை விழும் நாணயம் என்று வைத்துக்கொள்வோம். கணக்கு போட்டுப் பார்த்தால், நூறு ஆட்டங்களில் 77 முறை சரியான விடை கிடைக்கும். சராசரியாக எட்டு வீச்சு ஆகும். ஆனால் 28 ஆட்டங்கள் மூன்றே வீச்சில் முடிந்துவிடும், பத்து ஆட்டங்கள் பதினைந்து வீச்சுகளையும் தாண்டி இழுபடும். முன்பக்கம் செங்குத்து, பின்பக்கம் நீண்ட வால். ஆய்வகத்தில் மனிதர்களிடம் பார்த்த அதே வடிவம்.

இனி எல்லையை மூன்றிலிருந்து ஆறுக்கு நகர்த்துங்கள். அதே நாணயம்தான். சரியான விடை 92 ஆக உயரும். சராசரி வீச்சும் எட்டிலிருந்து 25 ஆகும். ஆட்டக்காரருக்கு அறிவு கூடவில்லை, பொறுமை மட்டும் கூடியிருக்கிறது. மாறாக எல்லையை மூன்றிலேயே வைத்துவிட்டு, எழுபது முறை தலை விழும் நாணயத்தைக் கொடுத்தால் சரியான விடை 93 ஆகும், சராசரி வீச்சு ஆறேகாலுக்குச் சற்று மேல் என்ற அளவுக்குக் குறைந்துவிடும். இங்கே துல்லியமும் வேகமும் ஒருசேர உயர்கின்றன. மெதுவாகவும் சரியாகவும் விடை சொல்பவரையும், தெளிவாகக் கண்டதால் சரியாகச் சொல்பவரையும் பிரிக்கும் வழி இதுதான். நேரத்தை மட்டும் பார்த்தாலோ தவறுகளை மட்டும் பார்த்தாலோ இது பிடிபடாது. இரண்டையும் சேர்த்து, வடிவத்தோடு பார்க்க வேண்டும்.

நாணய வீச்சுகளை மிகச் சிறிதாக்கி, இடைவெளியையும் குறைத்துக்கொண்டே போனால் கிடைப்பது நீரில் மிதக்கும் துகளின் தள்ளாட்டம், பிரௌனிய இயக்கம். 1978இல் ரோஜர் ராட்கிளிஃப் நினைவைப் பற்றிய சோதனைகளுக்கு இதைப் பொருத்தி வெளியிட்டது பரவல் மாதிரி என்று அழைக்கப்படுகிறது. அதில் முக்கியமாக மூன்று எண்கள்: சான்று எவ்வளவு வேகமாகச் சேர்கிறது, எல்லைகள் எவ்வளவு தள்ளி இருக்கின்றன, கண்ணும் விரலும் தீர்மானத்துக்கு வெளியே எவ்வளவு நேரம் எடுத்துக்கொள்கின்றன. சராசரிக்குள் கலந்து கிடந்தவை மூன்றும் தனித்தனியாக வந்துவிட்டன.

இந்தக் கணக்கு உளவியலில் பிறந்ததும் அல்ல. இரண்டாம் உலகப் போரில் தளவாடங்களைத் தரம் பார்க்கும்போது எத்தனை மாதிரி பார்த்ததும் நிறுத்திக்கொள்ளலாம் என்பதற்குப் புள்ளியியலாளர் ஆப்ரகாம் வால்ட் இதே முறையைக் கண்டார். பிளெட்ச்லி பார்க்கில் ஜெர்மானியரின் எனிக்மா சங்கேதத்தை உடைத்துக்கொண்டிருந்த ஆலன் டூரிங், ஓர் ஊகத்துக்குச் சாதகமான சான்றைச் சிறு அலகுகளாகக் கூட்டிக்கொண்டே போய் ஓர் எல்லையைத் தாண்டியதும் ஏற்றுக்கொள்ளும் முறையைப் பயன்படுத்தினார். குறிப்பிட்ட துல்லியத்தை மிகக் குறைந்த சராசரி நேரத்தில் அடைய இதைவிடச் சிறந்த முறை இல்லை என்பது நிறுவப்பட்டது.

என் நாணய ஆட்டத்தில் ஓர் ஓட்டை இருக்கிறது. கவனித்த வாசகர் பிடித்திருப்பார். எல்லைகள் சமமாக இருந்தால், தவறான விடைகளும் சரியான விடைகளும் சராசரியாக ஒரே நேரத்தில்தான் வரும் என்று அந்த எளிய கணக்கு சொல்கிறது. மனிதர்கள் அப்படி இல்லை. கேள்வி கடினமாக இருந்து நிதானமாகச் செய்யும்போது தவறுகள் சரியானவற்றைவிடத் தாமதமாக வருகின்றன. அவசரப்படுத்தினால் தவறுகள் முந்திக்கொண்டு வருகின்றன. ராட்கிளிஃபின் விடை: ஒவ்வொரு முறையும் கையில் கிடைக்கும் நாணயம் ஒன்றல்ல. சில முறை சான்று தெளிவு, சில முறை மங்கல். மங்கிய முறைகள்தான் மெதுவாகவும் நடக்கும், தவறாகவும் முடியும். தொடக்கப் புள்ளி முறைக்கு முறை முன்பின்னாக நகர்ந்தால் விரைவுத் தவறுகளும் வந்துவிடும். இப்படிப் புதுப்புது எண்களைச் சேர்த்துக்கொண்டே போனால் எதையும் பொருத்திவிடலாமே என்ற சந்தேகம் நியாயமானது. அதற்கு ஒரு சோதனை உண்டு. ‘வேகமாகச் செய்யுங்கள்’ என்று சொன்னால் எல்லை குறுக வேண்டும். படத்தை மங்கலாக்கினால் சான்று சேரும் வேகம் குறைய வேண்டும். பெரும்பாலும் அப்படித்தான் நடக்கிறது. காண்ட் பயந்த சிக்கல், அதாவது சோதனையே மனத்தை மாற்றிவிடும் என்பது, இங்கே திருகிப் பார்க்கக்கூடிய குமிழாகிவிட்டது.

முதுமை விஷயத்தில்தான் இந்தப் பிரிப்பு பெரிய பயனைத் தந்தது என்பேன். வயதானால் மூளை மந்தமாகிறது என்பதற்கு மெதுவான விடைகளைச் சான்று காட்டுவது நெடுநாள் பழக்கம். ராட்கிளிஃபும் தாபரும் மெக்கூனும் கல்லூரி மாணவர்களையும் அறுபது, எழுபது வயதைக் கடந்தவர்களையும் ஒரே வகைச் சோதனைகளுக்கு உட்படுத்தினார்கள். பல சோதனைகளில் முதியவர்களின் சான்று சேரும் வேகம் இளைஞர்களுடையதற்குக் குறையவில்லை. அவர்கள் எல்லையைத் தள்ளி வைத்திருந்தார்கள், தவறு செய்ய விரும்பவில்லை. கண்ணுக்கும் கைக்கும் ஆகும் நேரமும் கூடியிருந்தது. 2022இல் ஹைடல்பெர்க் ஆய்வாளர்கள், இணையத்தில் சொற்களையும் படங்களையும் வகைபிரித்த பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோரின் தரவை இதே மாதிரியால் ஆராய்ந்தார்கள். விடை சொல்லும் நேரம் இருபதுகளிலிருந்தே கூடத் தொடங்குகிறது. ஆனால் சான்று சேரும் வேகம் அறுபது வயதுவரை பெரிதாகக் குறையவில்லை. நாற்பது வயதுக்காரரை வேலைக்கு எடுக்கத் தயங்கும் நிறுவனங்கள் இந்த முடிவைச் சுவரில் ஒட்டி வைக்கலாம்.

பரவல் மாதிரிக்கு எல்லைகளும் உண்டு. இரண்டொரு விநாடிக்குள் முடியும் எளிய தீர்மானங்களுக்கே அது நன்றாகப் பொருந்துகிறது. எந்தப் படிப்பில் சேரலாம், யாரைத் திருமணம் செய்யலாம் என்பதற்கெல்லாம் அதைக் கொண்டுபோய் ஒட்டுபவர்களை நான் நம்புவதில்லை.

இந்தக் கூட்டல் கழித்தல் மூளையில் உண்மையிலேயே நடக்கிறதா என்பது வேறு கேள்வி. நகரும் புள்ளிகள் எந்தப் பக்கம் போகின்றன என்று கண் அசைவால் விடை சொல்லப் பழக்கிய குரங்குகளின் மூளையில், பக்கவாட்டு மேல் பகுதி ஒன்றிலுள்ள நியூரான்களைப் பதிவு செய்து ராய்ட்மனும் ஷாட்லெனும் 2002இல் வெளியிட்ட வரைபடங்கள் பரபரப்பு ஊட்டின. நியூரான்களின் துடிப்பு படிப்படியாக ஏறியது. புள்ளிகளின் போக்கு தெளிவாக இருந்தால் வேகமாக, மங்கலாக இருந்தால் மெதுவாக. எப்படி ஏறினாலும், கண் அசைவதற்குச் சற்று முன் ஏறக்குறைய ஒரே உயரத்தைத் தொட்டது. எல்லை கண்ணெதிரே தெரிந்தாற்போல் இருந்தது.

ஆனால் அவை பல முயற்சிகளின் சராசரி. ஒவ்வொரு முயற்சியிலும் துடிப்பு ஒரேயடியாகத் தாவி, தாவும் நேரம் மட்டும் முறைக்கு முறை மாறினாலும், சராசரி எடுத்தால் சீரான ஏற்றமாகத்தான் தெரியும். தாவல் மாதிரி பல நியூரான்களுக்கு இன்னும் நன்றாகப் பொருந்துகிறது என்று 2015இல் ஒரு குழு எழுதியது. டவுன்செண்ட் காட்டிய அதே சிக்கல், இந்த முறை மண்டையோட்டுக்குள். நூற்றுக்கு மேற்பட்ட நியூரான்களை ஒரே சமயத்தில் பதிவு செய்யும் ஊசிகள் வந்த பிறகு, சராசரி எடுக்காமல் ஒற்றை முயற்சியிலேயே தள்ளாடும் ஏற்றத்தைப் பார்க்க முடிந்திருக்கிறது. இதற்கிடையில் 2016இல் இன்னொரு முடிவு வந்தது. கணக்கு நடப்பதாக நம்பப்பட்ட அந்தப் பகுதியை மருந்தால் தற்காலிகமாகச் செயலிழக்கச் செய்து பார்த்தார்கள். குரங்குகளின் விடைகளில் அளவிடத்தக்க மாற்றம் எதுவும் இல்லை. புள்ளிகளின் அசைவை முதலில் உணரும் வேறொரு பகுதியைச் செயலிழக்கச் செய்தபோது தீர்மானங்கள் நிலைகுலைந்தன. கணக்கு எழுதப்பட்டிருக்கும் இடம் தெரிந்துவிட்டது. போடப்படும் இடத்தைத்தான் இப்போது தேடிக்கொண்டிருக்கிறார்கள்.